எலுமிச்சை பட்ட வெள்ளைக் கல்

சமையலறை மேடைக்குக் கறுப்பு கிரானைட் போடுவோம் என்றுதான் எல்லோரும் சொன்னார்கள். மஞ்சள் சிந்தினாலும் தெரியாது, எண்ணெய் சிந்தினாலும் தெரியாது, ஒரு துடை துடைத்துவிட்டுப் போய்க்கொண்டே இருக்கலாம் என்றார் மேஸ்திரி. முத்துலட்சுமி ஒத்துக்கொள்ளவில்லை. தனக்கென்று அவள் பிடிவாதம் பிடித்த விஷயங்கள் வாழ்க்கையில் அதிகம் இல்லை. இது ஒன்று.

அவள் ஆறுமுகநேரிப் பெண். ஜவஹரைக் கட்டிக்கொண்டு சென்னைக்கு வந்தபோது தியாகராய நகரில் அவர்களுடைய ஜவுளிக்கடை சின்னதாகத்தான் இருந்தது. கடைக்குப் பின்னால் வாடகைக்கு எடுத்த வீட்டில், கடையில் வேலை பார்த்தவர்கள் அத்தனை பேருக்கும் சேர்த்து மூன்று வேளையும் அவள்தான் சமைத்தாள். ஜன்னல் இல்லாத சமையல்கட்டு. கடப்பாக் கல் மேடை. பகலிலும் விளக்கைப் போட்டால்தான் கல்லில் கிடப்பது கடுகா, கரப்பான் குஞ்சா என்று தெரியும். அந்த இருட்டில் அவளுடைய இளமை முழுக்கப் போயிற்று.

கடை பெரிதானது. கோபாலபுரத்தில் பழைய பங்களா ஒன்றை இடித்துக் கட்டிய அடுக்ககத்தில் இரண்டாம் மாடியை வாங்கினார்கள். கல் கடைக்கு அவளே போனாள். வெயிலில் சாய்த்து வைத்திருந்த பலகைகளுக்கு நடுவே நடந்து, சாம்பல் நிறத்தில் மெல்லிய ரேகை ஓடிய ஒரு வெள்ளை மார்பிளைத் தொட்டுப் பார்த்து, "இதுதான்" என்றாள்.

"நல்ல கல்லும்மா. ஆனா ரோஷக்காரக் கல்லு. புளிப்புக்கு ஆகவே ஆகாது" என்றார் கடைக்காரர்.

அந்த ரோஷத்துக்கு அவள் கட்டுப்பட்டு நடந்தாள். எலுமிச்சை, தக்காளி, புளி, தயிர் எதுவும் கல்லில் நேராக உட்காரக் கூடாது. நறுக்குவதற்கு மரப்பலகை, கரண்டி வைக்க ஒரு தட்டு, எண்ணெய்த் தூக்குக்கு அடியில் ஒரு பழைய சாசர். தேய்க்கிற பவுடரும் கம்பி நாரும் சமையலறைக்குள்ளேயே வரக் கூடாது. வெதுவெதுப்பான தண்ணீரில் பாத்திரம் கழுவும் திரவத்தை இரண்டு சொட்டு விட்டு, மெல்லிய துணியால் துடைத்து, உடனே உலர்ந்த துணியால் ஒற்றி எடுக்க வேண்டும். ஈரம் அப்படியே நின்றால் கல் குடித்துவிடும். மஞ்சள் கறை பட்டால் சோடா உப்பைக் குழைத்துப் பூசி, பிளாஸ்டிக் காகிதத்தால் மூடி வைப்பாள். மறுநாள் கறையைப் பூச்சு உறிஞ்சியிருக்கும். அவ்வப்போது கல்மேல் நாலு சொட்டுத் தண்ணீர் விட்டுப் பார்ப்பாள். முத்து முத்தாக நின்றால் மேல்பூச்சு இன்னும் இருக்கிறது. பரவி, கல் கறுத்தால் சீலர் அடிக்கிற ஆளைக் கூப்பிட வேண்டும்.

அந்த ஆள் அக்பர் பாஷா. வருஷத்துக்கு ஒரு தடவை வந்து பூச்சு போட்டுவிட்டு, "இந்த கல்ல இப்டி வெச்சிக்கினு கீற வூடு நான் பாத்ததில்லமா" என்று சொல்லிவிட்டுப் போவார். அது போதும் அவளுக்கு. அந்த வாரம் முழுக்க முகம் மலர்ந்திருக்கும்.

கல்லைத் தொடுகிற உரிமை அவளைத் தவிர ஒருத்திக்குத்தான் உண்டு. பாஞ்சாலி. பாத்திரம் தேய்த்து, வீடு பெருக்கித் துடைக்க வருகிறவள். முன்பு ஆற்றோரத்துக் குடிசையில் இருந்தாள், நடந்தே வந்துவிடுவாள். அந்தக் குடிசைகளை எடுத்துவிட்டு எல்லோரையும் ஊருக்கு வெளியே அனுப்பிய பிறகு, இரண்டு பஸ் மாறி வந்தாள். அதே கட்டடத்தில் முதல் மாடி வைதேகி மாமி வீட்டிலும் மூன்றாம் மாடி வீட்டிலும் அவளுக்கு வேலை இருந்ததால் அந்தத் தூரம் கட்டுபடியாயிற்று. புருஷன் துரைராஜ் ஈக்காட்டுத்தாங்கலில் ஒரு பட்டறையில் இருந்தான். மகள் கயல் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தாள். கல்லைத் துடைக்கும் விதத்தை முத்துலட்சுமி ஒருமுறை காட்டிக் கொடுத்ததுதான். பாஞ்சாலி அதற்குப் பிறகு தவறியதில்லை.

அதனால்தான் தொட்டிக்குப் பக்கத்தில் முதல் தடவையாக மங்கலான ஒரு வட்டத்தைக் கண்டபோது முத்துலட்சுமிக்குக் கோபத்தைவிடக் குழப்பம்தான் அதிகம் வந்தது. கறை என்று சொல்ல முடியாது, அதற்கு நிறமே இல்லை. ஜன்னல் வெளிச்சத்தில் சாய்ந்து பார்த்தால் சுற்றிலும் கல் மின்னுகிறது, அந்த இடம் மட்டும் செத்துக் கிடக்கிறது. சோடா உப்புப் பூச்சு போட்டாள். போகவில்லை.

"பாஞ்சாலி, இங்க என்னத்த வச்ச?"

"நா ஒண்ணும் வெக்கலமா."

"பின்ன தானா வந்துச்சா?"

பாஞ்சாலி குனிந்து பார்த்தாள். பிறகு முத்துலட்சுமியின் முகத்தைப் பார்த்தாள். ஏதோ சொல்ல வந்தது போல இருந்தது. சொல்லவில்லை.

அடுத்து அடுப்புக்குப் பக்கத்தில் ஒன்று. பிறகு மிக்ஸி வைக்கிற மூலையில் நீளமாக, ஏதோ வழிந்தோடியது போல ஒரு தடம். ஒவ்வொன்றும் ஒரு வாரம், பத்து நாள் இடைவெளியில். முத்துலட்சுமிக்கு அந்தக் கல்லைப் பார்க்கவே பயமாக இருந்தது. சாப்பிட உட்கார்ந்தால் ஜவஹரிடமும் மகன் ஸ்ரீஹரியிடமும் அதே பேச்சு. "கல்லுதானம்மா, விடுங்க" என்றான் ஸ்ரீஹரி. அவனுக்கு அப்போது மதுரையில் ஒரு நகைக்கடைக்காரர் வீட்டில் பெண் பார்த்திருந்தார்கள். அவன் நினைவெல்லாம் போனில் இருந்தது.

பிறகு ஒரு காலை, தொட்டிக்குக் கீழே இருந்த கதவைத் திறந்தவள், குளியலறை கழுவுகிற ஆசிட் பாட்டில் அங்கே நிற்பதைப் பார்த்தாள். மூடி சரியாகப் போடவில்லை. நெடி மூக்கில் ஏறியது.

பாஞ்சாலி பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தாள்.

"இத இங்க கொண்டு வச்சது யாரு?"

பாஞ்சாலி திரும்பினாள். பாட்டிலைப் பார்த்தாள். கை சோப்பு நுரையோடு அப்படியே நின்றது.

"நா வெக்கலமா."

"வீட்டுல நீயும் நானுந்தான இருக்கோம். நான் வச்சனா? இத ஊத்தித்தான கல்லத் தேய்க்கே? சீக்கிரம் வேலைய முடிச்சிட்டு ஓடணும்னுதான?"

"அம்மா, நா எதுக்கு ஆசிட்ட ஊத்தப் போறேன்? இத்தினி வருசம் ஊத்தாதவ இப்ப ஊத்துவேனா?"

"பொய் சொல்லாத."

"நா பொய் சொல்லலமா. நீங்க கொஞ்சம் உக்காருங்க, நா ஒண்ணு சொல்றேன்..."

"ஒண்ணும் சொல்லாண்டாம். நாளையிலேர்ந்து நீ வராண்டாம்."

பாஞ்சாலி அரைகுறையாகக் கிடந்த பாத்திரங்களைத் தேய்த்து முடித்தாள். கையைத் துடைத்துக்கொண்டாள். போய்விட்டாள்.

அத்தோடு விட்டிருக்கலாம். முத்துலட்சுமி விடவில்லை. கட்டடத்துக்காரர்களின் வாட்ஸ்அப் குழுவில், பாஞ்சாலி சமையலறையில் ஆசிட் உபயோகிக்கிறாள், பலமுறை கேட்டும் பொய் சொன்னாள், எல்லோரும் ஜாக்கிரதையாக இருங்கள் என்று எழுதினாள். குழந்தை இருக்கிற மூன்றாம் மாடிக்காரர்கள் அன்றே பாஞ்சாலியை நிறுத்தினார்கள். வைதேகி மாமி இரண்டு நாள் யோசித்துவிட்டு நிறுத்தினாள்.

அக்பர் பாஷாவை வரவழைத்துக் கல்லை முழுக்க மெருகேற்றினார்கள். சமையலறை பழையபடி வெளிச்சமானது. புதிதாக யாரையும் வேலைக்கு வைக்கவில்லை. யாரையும் நம்ப முடியவில்லை என்று முத்துலட்சுமி தானே எல்லா வேலையும் செய்தாள்.

ஒருநாள் பதினோரு மணி வாக்கில் மொட்டை மாடியில் துணி உலர்த்திவிட்டுக் கீழே இறங்கி வந்தாள். மேடையில், அடுப்புக்கும் தொட்டிக்கும் நடுவே, எலுமிச்சம்பழ மூடிகள் இரண்டு கவிழ்ந்து கிடந்தன. பிழிந்தவை. சாறு கசிந்து அடியில் தேங்கியிருந்தது. பக்கத்தில் ஒரு பாத்திரத்தில் பாதி ரசம்.

யார் பிழிந்தது என்றுதான் முதலில் நினைத்தாள். கூப்பிட வாயைக்கூடத் திறந்தாள். வீட்டில் யாரும் இல்லை. மாடிக்குப் போகும்போது கதவை வெளியே பூட்டிச் சாவியை எடுத்துப் போயிருந்தாள். இப்போதுதான் அவளே திறந்தாள். கையை மூக்கருகே கொண்டுபோனாள். எலுமிச்சை வாசம்.

மூடிகளை எடுத்தாள். அடியில் இரண்டு வட்டங்கள். மங்கலாக, செத்துப்போய்.

நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள். காலையில் எழுந்தது நினைவு இருந்தது. ஜவஹர் கடைக்குக் கிளம்பியது நினைவு இருந்தது. மொட்டை மாடியில் காற்று அடித்ததும், ஒரு கிளிப் உடைந்ததும் நினைவு இருந்தது. பழத்தை வெட்டியது, பிழிந்தது, ரசம் வைக்க எண்ணியது, எதுவும் இல்லை. அந்த இடத்தில் ஒன்றுமே இல்லை.

அன்று யாரிடமும் சொல்லவில்லை. வட்டங்களின் மேல் ஒரு எவர்சில்வர் தட்டைக் கவிழ்த்து வைத்தாள். அடுத்த வாரம் இன்னொரு தட்டு. புளி கரைத்த கிண்ணத்தின் அடித்தடம். சமையலறையில் எதற்கு இவ்வளவு தட்டு என்று ஜவஹர் கேட்டதற்கு, கழுவி ஆற வைத்திருக்கிறேன் என்றாள்.

பயம் தாங்காமல் அக்பர் பாஷாவைப் பகலில் தனியாக வரச் சொன்னாள். அவர் குனிந்து விரலால் தடவிப் பார்த்தார்.

"எலுமிச்ச. இது புளி. ஒண்ணும் பயப்படாதீங்க, தேச்சா பூடும்."

"ஆசிட்டா இருக்குமோ?"

"ஆசிட்டு பட்டா இப்டியா இருக்கும்? பொங்கிட்டு, கையில சொரசொரன்னு மாட்டும். போன தபாவும் இதே கறதான்மா. ஏன், ஆசிட்டுனு யாரு சொன்னது?"

அவள் கூடத்துக்குப் போனாள். கல்லைத் தேய்க்கிற மும்முரத்தில், அவள் அங்கே சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றதை அவர் பார்க்கவில்லை.

வாட்ச்மேனிடம் பாஞ்சாலியின் நம்பர் இருந்தது. பாஞ்சாலி முதல் இரண்டு தடவை எடுக்கவில்லை. மூன்றாவது தடவை எடுத்து, அடையாறில் ஒரு வீட்டில் வேலை பார்ப்பதாகவும், மத்தியானம் பஸ் நிறுத்தத்துக்கு வந்தால் பார்க்கலாம் என்றும் சொன்னாள். முத்துலட்சுமி ஆட்டோவில் போனாள்.

நிழற்குடையில் இருவரும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். அத்தனை வருஷத்தில் இருவரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை.

"அந்த ஆசிட் பாட்டில்..." என்று ஆரம்பித்தாள் முத்துலட்சுமி.

"நீங்கதான்மா கொண்டாந்து வெச்சீங்க. அதுக்கு மொத நாளு. பினாயில்னு நெனச்சிக்கினு வெச்சீங்க. நா பாத்தேன்."

"எலுமிச்சம்பழம்?"

"அதுவும் நீங்கதான். பல தபா. நா வந்தவொடனே மூடிய எடுத்து கடாசிட்டு தொடச்சி வுட்ருவேன். சில நாளு நா வர்றதுக்குள்ள ஊறி கல்லு போயிரும்." பாஞ்சாலி ரோட்டைப் பார்த்தபடியே பேசினாள். "ஒரு நா பால அடுப்புல வெச்சிட்டு மாடிக்கி பூட்டீங்க. பாத்திரம் கருகி பொக வந்துகினு இருந்துச்சு. நாந்தான் அணைச்சேன். பாத்திரத்த தேச்சி மேல வெச்சிட்டேன்."

"ஏன் எங்கிட்ட சொல்லல?"

"சொன்னா வேல பூடும்னு பயம். புத்தி சரியில்லனு சொல்றேன்னு நெனப்பீங்க." அவள் புடவைத் தலைப்பால் கழுத்தைத் துடைத்துக்கொண்டாள். "சொல்லாமலே பூட்ச்சி."

முத்துலட்சுமி அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். பஸ்ஸுக்கு நின்றவர்கள் பார்த்தார்கள். பாஞ்சாலி கையை எடுத்துக்கொள்ளவில்லை, இறுக்கிப் பிடிக்கவும் இல்லை.

"பொண்ணு நல்லாருக்காளா? கயல்?"

"நல்லாகீதுமா" என்றாள் பாஞ்சாலி. அவளுடைய பஸ் வந்தது.

அன்று சாயங்காலமே முத்துலட்சுமி ஜவஹரிடம் சொன்னாள். வயசானால் எல்லோருக்கும் வருகிற மறதிதான் என்று அவர் சிரித்தார். அவள் தட்டுகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கல்லைக் காட்டினாள். அக்பர் பாஷா தேய்த்துப் போன பிறகும் புதிதாக மூன்று வந்திருந்தன. அவர் சிரிப்பு நின்றது.

நந்தனத்தில் ஒரு மருத்துவமனைக்குப் போனார்கள். டாக்டர் ஒரு கடிகாரம் வரையச் சொன்னார். அவள் வட்டம் போட்டு, எண்களை எல்லாம் ஒரே பக்கமாக நெருக்கி எழுதினாள். தான் எழுதியது தப்பு என்று தெரிந்தது, எப்படிச் சரி செய்வது என்று தெரியவில்லை. ஸ்கேன் எடுத்தார்கள். மறதி நோயின் ஆரம்பம் என்றார் டாக்டர். மாத்திரையால் வேகத்தைக் குறைக்கலாம், நிறுத்த முடியாது. காரில் திரும்பி வரும்போது ஜவஹர் இரண்டு தடவை வழி தவறினார்.

வீட்டுக்கு வந்ததும் அவர் சொன்ன முதல் வார்த்தை, "வெளிய யாருக்கும் தெரியாண்டாம்" என்பதுதான்.

"மதுரைக்காரங்க வர்ற மாசம் நிச்சயத்துக்கு நாள் பாக்காங்க. இது குடும்பத்துல வர்ற நோயின்னு எவனாவது கிளப்பி விட்டா அவ்வளவுதான். ஸ்ரீஹரி கல்யாணம் முடியட்டும்."

"பாஞ்சாலி மேல பழி போட்டிருக்கேன்ங்க. குரூப்புல எழுதிருக்கேன்."

"கல்யாணம் முடிஞ்சப்பறம் சொல்லிக்கிடலாம்."

"அதுக்குள்ள எனக்கு மறந்து போச்சுன்னா?"

ஜவஹர் கார் சாவியை ஆணியில் மாட்டினார். மனைவிமேல் அவருக்குப் பிரியம் இல்லாமல் இல்லை. அன்று முதல் மதியச் சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வந்து, அடுப்பு அணைந்திருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் போனார். ஆனால் இந்த ஒரு விஷயத்தில் அவர் அசையவில்லை.

முத்துலட்சுமி சரி என்றுதான் சொன்னாள். இரண்டு வாரம் வாயைத் திறக்கவில்லை. பிறகு ஒரு காலை, தலை வாரிக்கொண்டிருந்தபோது, முதல் மாடி மாமியிடம் ஏதோ சொல்ல வேண்டும் என்ற உறுத்தல் மட்டும் மனதில் நின்றது. என்ன என்று வரவில்லை. சீப்பைப் பிடித்தபடியே யோசித்தாள். பாஞ்சாலி என்ற பெயர் வந்து சேர்வதற்குள் அவளுக்கு வியர்த்துவிட்டது. வந்ததும் சீப்பைப் போட்டுவிட்டு, பாதி வாரிய தலையோடு கீழே இறங்கினாள்.

வைதேகி மாமி கதவைத் திறந்து திகைத்தாள். "என்ன இப்படி வந்து நிக்கறேள்? உள்ள வாங்கோ."

"உக்கார நேரமில்ல. சொல்லிருதேன். பாஞ்சாலி ஆசிட் ஊத்தல. கல்லக் கெடுத்தது நான்தான். எனக்கு ஞாபகம் தப்பிப் போகுது. டாக்டர் சொல்லிட்டாக. அவ ஒரு தப்பும் பண்ணல. அவள நீங்க திரும்பக் கூப்பிடணும்."

மாமி அவளை உட்கார வைத்துத் தண்ணீர் கொடுத்தாள். "நேக்கும் மனசு கேக்கவே இல்ல. அவ அப்படிப் பண்றவ இல்லேன்னு தோணிண்டே இருந்தது. ஆனா நீங்க எழுதினதும் எங்காத்துல எல்லாரும் பயந்துட்டா. நான் அவகிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கணும்."

மாடிக்குத் திரும்பிப் போகும் வரைகூடக் காத்திராமல் முத்துலட்சுமி அங்கேயே உட்கார்ந்து போனை எடுத்தாள். எழுதினால் எழுத்து தப்பிவிடும் என்று பயந்து, பேசியே அனுப்பினாள். குழுவில் இருந்த அத்தனை பேரும் அந்தக் குரலைக் கேட்டார்கள். "நான் இரண்டாம் மாடி முத்துலட்சுமி பேசுதேன். பாஞ்சாலி மேல நான் சொன்னது எல்லாம் பொய். வேணும்னு சொன்ன பொய் இல்ல. எனக்கு மறதி நோய் வந்திருக்கு. அவ நல்ல பொண்ணு" என்றது அந்தக் குரல்.

ஜவஹர் கடையிலிருந்து வந்து கத்தினார். அவ்வளவு சத்தமாக அவர் கத்தி அவள் கேட்டதில்லை. கத்தி முடித்து, சமையலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். வெகு நேரம் வெளியே வரவில்லை.

மதுரைக்காரர்களின் உறவுக்காரர் யாரோ அந்தத் தெருவிலேயே இருந்திருக்கிறார். நிச்சயத்துக்கு நாள் பார்க்கிறோம் என்றவர்கள், ஆடி போகட்டும் என்றார்கள். ஆடி போயிற்று. போனை எடுப்பதை நிறுத்தினார்கள். ஸ்ரீஹரி அம்மாவிடம் பல நாள் பேசவில்லை. வாசலில் செருப்பைப் போடும்போது ஒருதரம், "அம்மா, அப்பா சொன்ன மாதிரி ரெண்டு மாசம் பொறுத்திருக்கக் கூடாதா?" என்று கேட்டான். "பொறுத்திருப்பேன்ப்பா. ஆனா எனக்கு அந்த ரெண்டு மாசம் இருக்கான்னு தெரியலயே" என்றாள். அவன் ஒரு செருப்போடு நின்றான். பிறகு மற்றதையும் மாட்டிக்கொண்டு இறங்கிப் போனான். அவனுக்கு அந்தப் பெண்ணை உண்மையிலேயே பிடித்திருந்தது.

மூன்றாம் மாடிக்காரர்கள் வேறு ஆளை வைத்துவிட்டார்கள். மாற்ற முடியாது என்றார்கள். வைதேகி மாமி மட்டும் பாஞ்சாலியை வரவழைத்தாள். ஜவஹரும் கூப்பிட்டுப் பார்த்தார். அவருக்கு இப்போது வீட்டில் நம்பிக்கையான ஆள் தேவைப்பட்டது. மாமி வீட்டு வாசலில் நின்றபடியே பாஞ்சாலி, "அந்த கிச்சனுக்குள்ள கால் வெக்க மனசு வரலிங்க. தப்பா நெனச்சிக்காதீங்க" என்று சொல்லிவிட்டாள்.

ஜவஹர் காலை வேளைகளில் கடையை ஸ்ரீஹரியிடம் விட்டுவிட்டு வீட்டில் இருக்கத் தொடங்கினார். காஸ் அடுப்பை எடுத்துவிட்டு, தானாக அணைகிற மின்னடுப்பை வைத்தார். கல்லுக்கு யாரும் இப்போது பூச்சு போடுவதில்லை. தண்ணீர்ச் சொட்டு விட்டுப் பார்ப்பதில்லை. முத்துலட்சுமி மட்டும் துணியை எடுத்து அதே இடத்தைத் திரும்பத் திரும்பத் துடைப்பாள். அவர் தடுக்க மாட்டார்.

மாமி வீட்டுக்குப் பாஞ்சாலி வருகிற நேரத்தில் முத்துலட்சுமி படிக்கட்டுக்கு வந்துவிடுவாள். முதல் நாள், "பாஞ்சாலி, உன்மேல அநியாயமா பழி போட்டுட்டேன். என்ன மன்னிச்சிரு" என்றாள். பாஞ்சாலி கண் கலங்கி, "வுடுமா, அதெல்லாம் ஒண்ணுமில்ல" என்றாள். இரண்டாம் நாளும் அதே படியில் நின்று அதே வார்த்தைகளைச் சொன்னாள். நேற்றே சொல்லியாயிற்று என்பது அவளுக்குத் தெரியவில்லை. மூன்றாவது, நான்காவது நாளும் அப்படியே. ஒவ்வொரு தடவையும் அவளுக்கு அது முதல் தடவை. பாஞ்சாலிக்கு முதலில் பாவமாக இருந்தது, பிறகு கூச்சமாக, சில நாள் எரிச்சலாக. மாடியில் கதவு திறக்கிற சத்தம் கேட்டால் வேகமாக உள்ளே போய்விடுவாள். போன பிறகு மனசு குத்தும்.

ஒருநாள் பஸ் கிடைக்காமல் பாதி தூரம் நடந்து வந்திருந்தாள். கால் வலி. படியில் முத்துலட்சுமி நின்றாள்.

"பாஞ்சாலி, உன்மேல அநியாயமா பழி போட்டுட்டேன். என்ன மன்னிச்சிரு."

பாஞ்சாலி பையை இறக்கி வைத்தாள். படியிலேயே உட்கார்ந்தாள். முத்துலட்சுமியும் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"மன்னிக்க முடிலமா" என்றாள் பாஞ்சாலி, சத்தம் போடாமல். "நானும் பாக்கறேன். முடில. மூணு வூடும் ஒரே வாரத்துல பூட்ச்சி. அவருக்கும் பட்டறைல வேல இல்லாத நேரம் அது. கயலு, நா படிக்கலமா, வேலைக்கி போறேன்னு துணிக்கடைல போயி சேந்துச்சு. காலைலேர்ந்து ராவு வரிக்கும் நின்னுகினே இருக்கணும். காலெல்லாம் வீங்கி வருது. பரீட்ச எழுதல. அடுத்த வருசம் போறியாடின்னு கேட்டா, போவலன்றா. நீ கேக்கறப்பலாம் நல்லாகீதுன்றேன். நல்லால்லமா. எம்பொண்ணு நல்லால்ல."

அத்தனை வருஷத்தில் அவள் முத்துலட்சுமியை நீ என்று சொன்னதில்லை. சொன்னதை அவளே கவனிக்கவில்லை. முத்துலட்சுமி அவள் முகத்தையே பார்த்துக் கேட்டுக்கொண்டிருந்தாள். எந்தக் கடை என்று கேட்டாள். பாஞ்சாலி சொன்னாள். "நின்னுக்கிட்டே இருப்பாங்க, ஆமா. எங்க கடையிலயும் உக்கார விட மாட்டோம்" என்றாள் முத்துலட்சுமி. பிறகு பாஞ்சாலியின் முழங்காலில் கை வைத்தாள். "அவ காலுக்கு வெந்நீர் வச்சுக் குடு" என்றாள்.

பாஞ்சாலிக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. இதில் எதுவும் மேலே போய்ச் சேரும் வரைக்கும் முத்துலட்சுமியின் நினைவில் தங்காது என்று அவளுக்குத் தெரியும். தெரிந்ததால்தான் இவ்வளவும் சொல்ல முடிந்தது என்பதும் தெரிந்தது.

அப்போதுதான் மேல்படியில் ஜவஹர் நிற்பதைப் பார்த்தாள். எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று தெரியவில்லை. கையில் சமையல் துணி இருந்தது. பாஞ்சாலி சட்டென்று எழுந்தாள்.

அவர் இறங்கி வந்து மனைவியின் கையைப் பிடித்து எழுப்பினார். பாஞ்சாலியை நேராகப் பார்க்காமல், "புள்ள எத்தனாவது வருஷம் படிச்சிட்டு இருந்துச்சு?" என்றார்.

"ரெண்டாவது வருசம்ங்க."

அவர் தலையை ஆட்டினார். கையிலிருந்த துணியைத் தோளில் போட்டுக்கொண்டார். "வா முத்து" என்று அவளை மெதுவாக ஒவ்வொரு படியாக ஏற்றிக்கொண்டு போனார். பாஞ்சாலி பையை எடுத்துக்கொண்டு மாமி வீட்டுக்குள் போனாள். தொட்டி நிறையப் பாத்திரம் கிடந்தது.